குடும்பக் காரணம்

“குடும்பக் காரணம் என்று எழுதியிருக்கிறீர்கள். என்ன காரணம்?” நீதிபதி இரண்டாம் முறையும் பொறுமையாகத்தான் கேட்டார்.

அதைத் தமிழில் சொல்லிவிட்டு, மொழிபெயர்க்க வந்திருந்த பெனிற்றா, வாமதேவனின் முகத்தைப் பார்த்தார்.

வாமதேவன் மேசையைப் பார்த்தார்.

அவர் வேலை செய்யும் பாண் சுடும் தொழிற்சாலை அவரை லண்டன் குரொய்டனிலிருந்து நூறு மைல் தள்ளியிருக்கும் பீற்றர்பரோவுக்கு மாற்றியிருந்தது. அந்த இடமாற்றத்தை நிறுத்தச் சொல்லித்தான் அவர் தொழில் தீர்ப்பாயத்துக்கு வந்திருந்தார்.

காரணம் ஒன்றே ஒன்று. நோர்பரி வீட்டில் இருக்கும் இளைய மகள் கீர்த்திகா. வயதுக்கு வந்து எத்தனையோ வருஷமாகியும் மனம் மட்டும் நாலு வயதிலேயே நின்றுவிட்டது. தாய் போன பிறகு அப்பா தீத்தினால்தான் சாப்பிடுவாள். பகல் பராமரிப்பு நிலையத்திலிருந்து அவளை மாலையில் கூட்டிவர அவரை விட்டால் ஆளில்லை.

இதைச் சொன்னால் நீதிபதியின் மனம் இளகும். ஆனால் வாய் வரவில்லை.

மூத்தவள் விதுஷா பர்மிங்ஹாமில் வேலை பார்க்கிறாள். அவளுக்கு மோர்டனில் ஒரு சம்பந்தம் பேசி முக்கால்வாசி முடிந்திருந்தது. தங்கச்சியைப் பற்றி மாப்பிள்ளை வீட்டாரிடம் இன்னும் சொல்லவில்லை. சாதகம் பொருந்தட்டும், கலியாண எழுத்து முடியட்டும் என்று தள்ளிக்கொண்டே வந்தார்.

மொழிபெயர்க்க இந்தியத் தமிழர் யாராவது வரக்கூடாதா என்று ரெயிலில் வரும்போது முருகனுக்கு நேர்ந்துகொண்டார். முருகன் அனுப்பிவைத்தது பெனிற்றாவை. வாசலில் “வாங்கோ அண்ணை” என்றபோதே யாழ்ப்பாணம் தெரிந்துவிட்டது.

உலைவாயை மூடலாம், ஊர்வாயை மூட முடியுமா? இங்கே வாயைத் திறந்தால் பொழுதுபடுவதற்குள் மோர்டனுக்குக் கதை போய்ச் சேர்ந்துவிடும். லண்டன் தமிழரின் கதைக்கு ரெயிலை விட வேகம் அதிகம், ஸ்ட்ரைக்கும் கிடையாது.

வேண்டுமானால் மற்றவர்களை வெளியே அனுப்பிவிட்டுக் கேட்கலாம் என்றார் நீதிபதி. நல்ல மனுஷன். எல்லாரையும் அனுப்பலாம், பெனிற்றாவை எப்படி அனுப்புவது?

ஆங்கிலத்தில் தானே சொல்லிவிடலாம் என்றும் யோசித்தார். அவருடைய ஆங்கிலம் பாண் தொழிற்சாலைக்குப் போதும். மகளைப் பற்றிப் பேசப் போதாது.

“எனக்கு முதுகு நோ,” என்றார் கடைசியில். “அவ்வளவு தூரம் போய்வர ஏலாது.”

பெனிற்றா உடனே மொழிபெயர்க்கவில்லை. இன்னும் ஏதாவது வருமா என்று காத்திருப்பவர் போல அவரையே பார்த்தார். பிறகு சொன்னதைச் சொன்னபடியே ஆங்கிலத்தில் சொன்னார். சொல்லாததைச் சொல்ல அவருக்கு அனுமதி இல்லை.

கொம்பனியின் வழக்கறிஞருக்கு அதற்குப் பிறகு பெரிய வேலை இருக்கவில்லை. பீற்றர்பரோவில் உட்கார முதுகுக்கு ஏற்ற கதிரை தருவதாகச் சொன்னார். மதியச் சாப்பாட்டுக்கு முன்பே வழக்குத் தள்ளுபடியானது.

வாமதேவனுக்குக் கோபம்கூட வரவில்லை. உடம்பெல்லாம் அலுப்பாக இருந்தது. ஒரு பிள்ளையைக் கரைசேர்க்க மற்றப் பிள்ளையைக் கைவிட்டுவிட்டேனே என்று தன்னையே நொந்துகொண்டார். நடைபாதையில் நின்று கோட்டைப் போடப் பார்த்தார், கை நுழையவில்லை.

பெனிற்றா பின்னாலேயே வந்து கோட்டின் கையைப் பிடித்துக் கொடுத்தார்.

“நீங்கள் கீர்த்திகாவின்ரை அப்பாதானே அண்ணை? என்ரை மகனும் அந்த நிலையத்துக்குத்தான் போறவன்.”

வாமதேவன் அவசரமாகக் கோட்டுப் பொத்தானைப் பூட்டினார். எந்தக் கீர்த்திகா என்று கேட்கத்தான் வாயெடுத்தார்.

“உங்களை நான் அங்கை ஒருநாளும் காணேல்லையே,” என்றுதான் வந்தது.

“நீங்கள் ஆக்கள் காணாமல் காரை அடுத்த தெருவிலை விட்டிட்டு நடந்து வாறனீங்கள்,” என்றார் பெனிற்றா. “நான் அதுக்கும் அங்காலைத் தெருவிலை விடுறனான்.”