மூன்று மணிக்கு மேல்

வக்கீல் அலுவலகத்தின் தேதி முத்திரையைக் கையில் எடுத்தவள் கடிகாரத்தைப் பார்த்தாள்.

நாலு இருபது.

எதிரே நின்றவர் நெற்றியைத் துடைத்துக்கொண்டார். ஐம்பதைத் தாண்டியவர். கக்கத்தில் அரசு அலுவலகத்தின் தபால் நோட்டு. மேசைமேல் அவர் கொண்டுவந்த பதில் மனு, இரண்டு நகல்.

அவளுடைய வழக்குக்கு அரசு சொல்லும் பதில் அது. வந்து சேர ஆறு வருடம் ஆகியிருந்தது.

அதே அரசு அலுவலகத்தில் பதிவறை எழுத்தர் வேலைக்கு விண்ணப்பம் அனுப்பியிருந்தாள். கடைசி நாள் மாலை ஐந்தே முக்கால் வரை நேரம். தபால்காரர் அன்றைக்கு மூன்று நாற்பதுக்கே கொடுத்துவிட்டார். அஞ்சலகத்தில் அதற்குப் பதிவு இருக்கிறது.

உறைமேல் விழுந்ததோ மறுநாள் தேதி.

தாமதம் என்று தள்ளினார்கள். அந்த வருடத்தோடு அவளுக்கு வயது வரம்பும் முடிந்தது.

அரசுத் தரப்பு மட்டும் பதில் போட ஒன்பது வாய்தா வாங்கியது. கேட்டபோதெல்லாம் கிடைத்தது. கடைசியில் நீதிபதிக்கே சலித்துவிட்டது. இன்று மாலைக்குள் அவளுடைய வக்கீலிடம் நகல் போய்ச் சேர வேண்டும் என்றார்.

வக்கீல் எஸ்தர் கோர்ட்டில் இருந்தார். அவரிடம்தான் அவள் தட்டச்சு வேலை பார்க்கிறாள். வழக்குப் போட வந்த இடத்திலேயே வேலைக்கும் சேர்ந்துவிட்டாள். வேறு வேலைதான் இல்லையே.

பதில் மனுவின் நாலாம் பக்கத்தைப் புரட்டினாள்.

விண்ணப்பம் மறுநாள்தான் கிடைத்ததாம். மனுதாரரின் அலட்சியமே காரணமாம்.

மனுவை மூடிவைத்தாள்.

"இன்னைக்குத் தேதியே போட்டுருங்கம்மா. நாளைக்குன்னு விழுந்துச்சுன்னா என் தலைதான் உருளும்."

சொல்லிக்கொண்டே தபால் நோட்டை விரித்து நீட்டினார். அவர் போட்டிருந்த சுருக்கொப்பம் கொக்கி மாதிரி வளைந்திருந்தது. அடியில் இரண்டு புள்ளி.

அந்தக் கொக்கியை அவளுக்குத் தெரியும். தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டு வாங்கிய உறை நகலில் இருக்கிறது. மறுநாள் தேதிக்கு நேர் கீழே.

இந்த ஆள்தானா.

அவருக்கு அவளை அடையாளம் தெரியவில்லை. அவர் பார்த்தது ஒரு உறையை. அதையும் எங்கே பார்த்தார்.

முத்திரையின் தேதிச் சக்கரத்தை ஒரு பல் திருப்பினாள். நாளைய தேதி வந்து நின்றது.

எவ்வளவு சுலபம்.

போட்டால் என்ன ஆகும்? பத்தாவது வாய்தா கேட்பார்கள். அதுவும் கிடைக்கும். சர்க்கார் தாமதமாக வந்தால் எந்த ஊரில் கதவைச் சாத்தியிருக்கிறார்கள்? கதவெல்லாம் அவளை மாதிரி ஆட்களுக்குத்தான்.

சக்கரத்தைப் பின்னால் திருப்பினாள். அவர் திரும்ப எடுத்துப்போக வேண்டிய நகலில் இன்றைய தேதியை ஓங்கிக் குத்தினாள். மேசை அதிர்ந்தது.

பக்கத்தில் பேனாவால் மணியையும் எழுதினாள். மாலை 4.20.

அவர் குனிந்து பார்த்தார். முகத்தில் நிம்மதி. லேசாகச் சிரிக்கவும் செய்தார்.

"மணியெல்லாம் எதுக்கும்மா? எங்க ஆபீஸ்ல மூணு மணிக்கு மேல என்ன வந்தாலும் மறுநாள் தேதிதான். மணிய யாரு பாக்குறா?"

அவளுடைய உறை போய்ச் சேர்ந்தது மூன்று நாற்பதுக்கு.

அவள் ஒரு வெள்ளைத் தாளை எடுத்து அவர் பக்கம் தள்ளினாள். அதன்மேல் பேனாவை வைத்தாள்.

"இப்ப சொன்னத அப்படியே எழுதி, கையெழுத்துப் போட்டுக் குடுங்க சார்."

அவர் ஆபீஸில் காட்ட வேண்டிய தன் நகலுக்காகக் கையை நீட்டினார்.

முத்திரை விழுந்த அந்த நகல் அவளுடைய உள்ளங்கைக்கு அடியில் இருந்தது. அவள் கையை எடுக்கவில்லை.