மீட்டர் பெட்டிப் பல்லி

அந்த அடுக்குமாடிக் குடியிருப்பில், மீட்டர் இல்லாத மீட்டர் பெட்டிக்குள் ஒரு பல்லி சுகமாகக் குடியிருந்தது. டிரான்ஸ்பார்மர் வைக்க இடம் விட்டால்தான் மின் இணைப்பு. யாருடைய கார் நிற்கும் இடத்தை விடுவது என்று முன்பக்கத்து வீட்டுக்காரர்களும் பின்பக்கத்து வீட்டுக்காரர்களும் கோர்ட்டுக்குப் போயிருந்தார்கள்.

முன்பக்கத்துக் குலசேகரன் பெட்டிக்குக் கீழே கூட்டம் போட்டு, "கேஸை விடவே கூடாது, நாமதான் ஜெயிப்போம்" என்பார். கேஸ் முடிந்து கரண்ட் வந்தால் தன் வீட்டில் மீட்டர் குடியேறிவிடுமே என்று பல்லி அவசரமாக 'த்சு த்சு' என்னும்.

"பாத்தீங்களா, பல்லியே சொல்லிடுச்சு!"

பின்பக்கத்து அமுதவல்லி அதையே சொன்னாலும் பல்லி வஞ்சனையில்லாமல் 'த்சு' கொட்டும்.

ஒருநாள் அடுத்த கட்டடத்துப் பல்லி கொழுகொழுவென்று வந்தது. "என்னடி இப்படி வத்திப் போயிட்டே? எங்க பக்கம் கரண்ட் வந்தாச்சு. ட்யூப்லைட் பக்கத்துல வாயைத் திறந்து வெச்சா பூச்சி தானா வந்து விழுது."

பல்லிக்கு வயிறு எரிந்தது.

அன்று சாயங்காலம் குலசேகரனும் அமுதவல்லியும் பெட்டிக்குக் கீழே சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள். இடுப்பில் குழந்தையோடு மாடியேற வந்த நாலாவது மாடி பர்வீன் நின்றாள்.

"ஆளுக்குக் கொஞ்சம் இடம் விட்டுடுங்களேன். லிஃப்டாவது ஓடும்."

பல்லி தொண்டை கிழியக் கத்தியது: "த்சு த்சு த்சு த்சு!"

எல்லோரும் அண்ணாந்து பார்த்தார்கள்.

"இந்தக் காலத்துல போய்ப் பல்லி சொல்றதையெல்லாம் யாருங்க நம்புறாங்க?" என்றார் குலசேகரன்.

"அதானே!" என்று முதல்முறையாக அவரோடு ஒத்துப்போனார் அமுதவல்லி.