சீதன மலை

“வழக்கை வெண்டிட்டன் அப்பா!”

சுவிஸின் சூக் நகரில் சட்டத்தரணியாக இருக்கும் ஜெனனி, ஓல்டன் நகரிலுள்ள பெற்றோர் வீட்டுக்குள் சப்பாத்தோடேயே ஓடிவந்தாள்.

“என்ன வழக்கு பிள்ளை?” என்றார் வரதராசா.

“தென்னமெரிக்காவிலை ஒரு மலை. ஸ்பெயின் ராசா அந்தக் காலத்திலை ஒருத்தருக்குக் குடுத்தது. அவர் மகளுக்குச் சீதனமாய் எழுதினார். மருமகன் மனுசிக்குத் தெரியாமல் வித்துப்போட்டான்.”

“கள்ளன்!”

“இப்ப சூக்கிலை பதிஞ்ச ஒரு கொம்பனி அதைத் தங்கடை எண்டுது. நான் அந்த மனுசியின்ரை பரம்பரைக்காகக் கதைச்சனான். அவவின்ரை கையெழுத்து இல்லாத விற்பனை செல்லாதெண்டு தீர்ப்பு வந்திட்டுது.”

“அதுதானே ஞாயம்! பொம்பிளையின்ரை சீதனத்திலை கை வைக்க அவன் ஆர்?”

வரதராசா இதையே நண்பர்களுக்கும் தொலைபேசியில் உரத்துச் சொன்னார். அவர் பேசி முடிக்கும்வரை மனைவி இரத்தினம்மா தேநீரோடு காத்து நின்றார்.

“ஊரிலை, சுன்னாகத்திலையிருந்து தங்கச்சி ஃபோன் எடுத்தவள். என்ரை சீதனக் காணியிலை ஆரோ மதில் கட்டுகினமாம். கேட்டதுக்கு, உங்களிட்டை வாங்கினதெண்டு சொல்லுகினமாம்.”

ஜெனனி அப்பாவைப் பார்த்தாள்.

வரதராசா தேநீரை ஒரு மிடறு குடித்தார்.

“பிள்ளை, அந்தக் கொம்பனி அப்பீல் செய்யாதோ?”