காலை ஏழு மணி நடை

பாத்ரூம் கதவைத் தாழ் போட்டு, காலி பக்கெட்டில் குழாயை முழுசாகத் திறந்துவிட்ட பிறகுதான் ஜீவிதா போனைக் காதில் வைத்தாள். "மெதுவா பேசுங்க. அப்பா வீட்லதான் இருக்காரு" என்றாள்.

எதிர்ப்பக்கம் பேசியவன் அவளை விரும்புகிறவன் இல்லை. பாண்டிச்சேரியில் ஊர்க் கதை சொல்லி ஆட்களைச் சுற்றிக் காட்டும் ஒரு டூர் ஆபீஸ்காரன்.

ஆம்பூர் ஷூ கம்பெனியில் ஜீவிதாவுக்கு ஆபீஸ் வேலை. அடுத்த ஞாயிறு ஸ்டாஃப் இருபது பேர் பாண்டிச்சேரி போகிறார்கள், எந்த டூர் என்று நீயே பார்த்து முடிவு பண்ணு என்று மேனேஜர் அவள் தலையில் கட்டிவிட்டார். சைக்கிளில் பிரெஞ்சுக்காரர் தெருக்கள், படகில் பழைய துறைமுகம், தமிழர் தெருக்களில் நடை என்று மூன்று இருந்தன. மேனேஜருக்குச் சைக்கிள்தான் பிடித்திருந்தது. ஜீவிதாவுக்கும் அப்படித்தான், நடை டூரின் வீடியோவைத் திறக்கிற வரைக்கும்.

அதில் குடை பிடித்த ஒரு அம்மாள், ஒரு பழைய வீட்டின் மரத்தூணைத் தொட்டுக் காட்டிப் பேசிக்கொண்டிருந்தாள். கடைசியில் தன் பேர் அமிர்தவள்ளி என்றும், சொந்த ஊர் வேலூர் பக்கம் பள்ளிகொண்டா என்றும் சொல்லிச் சிரித்தாள்.

அந்தச் சிரிப்பை அத்தை வீட்டுக் கல்யாண ஆல்பத்தில் ஜீவிதா எத்தனையோ தடவை திருட்டுத்தனமாகப் பார்த்திருக்கிறாள். அவளுக்கு நாலு வயசில் மஞ்சள்காமாலையில் செத்துப்போன அம்மாவின் சிரிப்பு. மூன்று நாளாக அவளுக்குச் சோறு இறங்கவில்லை.

காலையில் ஏழு மணிக்கு ஒரு நடை, சாயங்காலம் நாலு மணிக்கு ஒன்று, இரண்டுமே அந்த அக்காதான் என்றான் ஆபீஸ்காரன். "வேலூர் பக்கத்து ஆளுங்கன்னா அவங்க லேசுல விடமாட்டாங்க மேடம். எந்தத் தெரு, யார் வீட்டுப் பொண்ணுன்னு கேட்டுக்கினே வருவாங்க."

ஜீவிதாவுக்குச் சாயங்காலம் வரைக்கும் தைரியம் தாங்காது என்று தோன்றியது. காலை டூரையே போடச் சொல்லிவிட்டுப் போனை வைத்தாள்.

அப்பா கன்னியப்பன் கை நீட்டுகிற ஆளில்லை. பேசாமல் இருந்துவிடுவார், அதுதான் பயம். ஒரு தீபாவளிக்கு அத்தை வாய் தவறி அம்மா அமிர்தவள்ளியின் பேரைச் சொல்ல, பாதிச் சாப்பாட்டில் எழுந்து போனவர் இரண்டு நாள் வீட்டுக்கு வரவில்லை. பாலாற்றிலும் ரயில் ரோட்டிலும் ஆள் விட்டுத் தேடினார்கள். எங்கே போனார் என்று இன்றுவரை அவரிடம் கேட்க யாருக்கும் துணிச்சல் வரவில்லை.

மற்றபடி மகள் கேட்டு எதற்கும் அவர் மறுத்ததில்லை. ஏற்காடு, ஊட்டி, மைசூர் என்று ஸ்கூல் டூர் எல்லாவற்றுக்கும் அனுப்பினார். பாண்டிச்சேரிக்கு மட்டும் விடவில்லை, குடிகாரன் ஊர் என்று சொல்லிவிட்டார். இந்தத் தடவையும் அவள் மாமல்லபுரம் என்று பொய் சொல்லித்தான் வைத்திருந்தாள்.

கதவு தட்டப்பட்டது. "ஜீவி, தண்ணி வீணா போவுது பாரு."

அவள் குழாயை மூடிவிட்டு வெளியே வந்தபோது கையிலிருந்த போன் கிணுகிணுத்தது. மறைப்பதற்குள் திரை வெளிச்சமாகிவிட்டது. ஞாயிறு காலை ஏழு மணி, பாண்டிச்சேரி, இருபது பேர், வழிகாட்டி அமிர்தவள்ளி. கீழே குடையோடு படம்.

கன்னியப்பன் கையை நீட்டினார். அவள் கொடுத்துவிட்டாள்.

அவர் கண்ணாடியைத் தேடி எடுத்துப் போட்டுக்கொண்டு ரொம்ப நேரம் படித்தார். முப்பது வருஷம் தோல் டேனரியில் சுண்ணாம்புத் தண்ணீரில் ஊறி வெடித்த விரல்கள் போனின் ஓரத்தை இறுக்கிப் பிடித்திருந்தன. சட்டையை மாட்டிக்கொண்டு வாசலைத் தாண்டிவிடுவார், இந்தத் தடவை திரும்பி வரமாட்டார் என்றே அவள் நினைத்தாள். வாசல் கதவுக்குக் குறுக்கே போய் நின்றுகொண்டாள்.

"எங்கியும் போவாதப்பா" என்றாள். அழுகையில் குரல் உடைந்தது. வேலைக்காகத்தான் பார்த்தேன், தேடிப்போய்ப் பார்க்கவில்லை, வேண்டாமென்றால் இப்போதே சைக்கிள் டூருக்கு மாற்றிவிடுகிறேன் என்று என்னென்னவோ சொன்னாள்.

அவர் கட்டிலில் உட்கார்ந்தார். அந்த நாளில் தான் குடித்துக்கொண்டிருந்ததையும், ஒரு நாள் அடி தாங்காமல் அமிர்தவள்ளி போய்விட்டதையும், அம்மா எங்கே என்று குழந்தை கேட்டபோது வெட்கத்தில் உண்மையை மறைத்து, செத்துவிட்டாள் என்று சொன்னதையும் தரையைப் பார்த்தபடியே சொன்னார். குடியை விட்டுப் பதினாறு வருஷம் ஆகிறது. சொன்ன பொய்யைத் திருப்பி வாங்கத்தான் அவருக்கு வாய் வரவில்லை.

"தெரிஞ்சா நீயும் என்ன விட்டுட்டுப் போய்டுவியோன்னு பயம்மா."

ஜீவிதா அப்படியே கதவில் சாய்ந்து உட்கார்ந்தாள். இனி டூரை ரத்து செய்யச் சொல்வார், அம்மாவைப் பார்க்கவே முடியாது என்று நினைத்தாள்.

கன்னியப்பன் இன்னொரு தடவை அந்தச் செய்தியைப் படித்தார். பிறகு எழுந்து வந்து போனை அவள் மடியில் வைத்தார்.

"சாயங்காலத்துக்கு மாத்திக்கம்மா. இப்பல்லாம் காலைல உங்கம்மாவுக்கு முட்டி வலி ஜாஸ்தி."