வகுப்பில் முப்பத்தெட்டுப் பேர்

"மாணவர்களை அடிக்கும் கணித ஆசிரியைக்கு எதிராக வகுப்பையே ஒன்று திரட்டினேன். முப்பத்தெட்டுப் பேரும் புகாரில் கையெழுத்திட்டோம். பதினோராம் நாள் அவர் பள்ளியிலிருந்து நீக்கப்பட்டார்."

என் சிவப்புப் பேனா அப்படியே நின்றுவிட்டது.

கல்லூரி விண்ணப்பக் கட்டுரைகளைத் திருத்திக் கொடுப்பது எங்கள் அலுவலகத்தின் வேலை. பெயரை மறைத்து, எண் போட்டு என் மேசைக்கு வரும். தலைப்பு எப்போதும் ஒன்றுதான்: 'நீங்கள் தலைமை தாங்கிய ஓர் அனுபவம்.' காலையிலிருந்து பதினாறு தலைவர்களைப் பார்த்தாயிற்று. பின்னால் நடந்து போன பிள்ளை ஒன்றுகூட இந்த ஊரில் இல்லை போலிருக்கிறது.

இது பதினேழாவது.

அதே முப்பத்தெட்டுப் பேர் வகுப்பு, அதே பதினோராம் நாள். ஐயோ, அந்தக் கணித ஆசிரியை நான்தான்.

நான் அடித்தேனா? சாக்பீஸை உடைத்ததைத் தவிர இந்தக் கை ஒரு பாவமும் செய்ததில்லை. தேர்வில் பார்த்து எழுதிய இரண்டு பேரைப் பிடித்துக் கொடுத்தேன், அவ்வளவுதான். அதற்குப் பிறகு எந்தப் பள்ளியும் என்னை வாசலுக்குள் விடவில்லை.

அந்தப் புகார்க் கடிதத்தை என் கண்ணில் காட்டவே இல்லை. ஆனால் ஒன்று மட்டும் எனக்குத் தெரியும். கையெழுத்துப் போட்டது முப்பத்தேழு பேர்தான்.

என்னை அனுப்பிய அன்று சாயங்காலமே ஒருத்தி வீட்டுக்கு வந்தாள். முன் பெஞ்சுக்காரி, எந்நேரமும் பேனா மூடியைக் கடிப்பவள்.

"நான் மட்டும் கையெழுத்துப் போடல டீச்சர், சத்தியமா போடல" என்று தேம்பினாள்.

அவள் கையைப் பிடித்துக்கொண்டு நானும் அழுதேன். ஒருத்திக்காவது உண்மை தெரியும் என்ற நினைப்பில்தான் இந்த இரண்டு வருடமாகத் தலை நிமிர்ந்து தெருவில் நடக்கிறேன்.

வந்த ஆத்திரத்தில் முப்பத்தெட்டை அடித்து, மேலே முப்பத்தேழு என்று எழுதினேன். பொய் சொன்னாலும் எண்ணிக்கை சரியாக இருக்க வேண்டாமா, தலைவரே?

முதலாளி தேநீரோடு வந்து நின்றார்.

"கடைசிப் பத்தி படிச்சீங்களா மேடம்? அதுக்கே சீட்டு குடுத்துடுவாங்க."

தாளைத் திருப்பினேன்.

"தோற்றவரையும் அரவணைப்பதே தலைமை. அன்று மாலையே அவர் வீட்டுக்குச் சென்றேன். நான் மட்டும் கையெழுத்திடவில்லை என்று சொல்லி ஆறுதல் அளித்தேன். அவர் என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார். பிறர் வலியைப் புரிந்துகொள்ள அன்றுதான் கற்றேன்."

அடிப்பாவி!

முதலாளி என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

முதல் பக்கத்துக்குத் திரும்பினேன். நான் எழுதிய முப்பத்தேழை அடித்துவிட்டு, முப்பத்தெட்டு என்று எழுதினேன்.