ஒற்றைக் கால்

மார்கழிப் பனி மலைப்படிகளை இன்னும் மூடியிருக்கிறது. குளிரில் நடுங்கிய கிளிக்கு, குளிப்பாட்டிய கைக்குழந்தைக்குப் போடுவதுபோல் சாம்பிராணி போட்டுவிட்டாள் சுபியா. இப்போது அது இறகெல்லாம் உப்பி, வாய் பிளந்து, வால் மேலும் கீழும் ஆட மூச்சு வாங்குகிறது. அவள் கணவன் ஜாஹித் கூண்டைப் புகையில்லாத அறைக்குத் தூக்கி வந்து, பாதியைக் கம்பளியால் மூடி, பக்கத்தில் குண்டு பல்பை எரியவிடுகிறான். “கொழந்தைக்குப் போடறதுதானேங்க...” என்கிறாள் சுபியா. “இதுக்குப் புகை ஆவாது. மூச்சு சீராகி, எப்பவும்போல ஒரு காலைத் தூக்கிகினு நிம்மதியா நின்னா பொழைச்சிக்கும்” என்கிறான் அவன், அவளைப் பார்க்காமல். மஞ்சள் வெளிச்சத்தில், குச்சியை இறுகப் பற்றிய இரண்டு கால்களையே இருவரும் பார்த்திருக்கிறார்கள். வலது கால் மெல்லத் தளர்கிறது, எழுகிறது. சுபியா மூச்சை அடக்குகிறாள். கால் மறுபடியும் குச்சியைப் பற்றுகிறது.