நாழிக்கல் மாப்பிள்ளை

பெண் பார்க்கக் கிளம்பும்போது சிதம்பரநாதன் நாழிக்கல் மோதிரத்தை மாட்டிக்கொண்டான். திருகினால் காலம் பத்து நிமிடம் பின்னே போகும். ஒரு கல்லுக்கு மூன்று தடவைதான்.

போன இடத்தில் காபியை வேட்டியில் கொட்டிக்கொண்டான். அமுதினி வாய்விட்டுச் சிரித்துவிட்டாள். மானம் போயிற்றென்று திருகினான். அடுத்த தடவை அவள் பெயரையே மாற்றிச் சொல்லித் தொலைத்தான், திருகினான். பிறகு, சமைக்கத் தெரியுமா என்று அவள் கேட்டதற்கு ஏதோ உளறினான், திருகினான். நான்காவது தடவை ஐயா அப்பழுக்கில்லாத மாப்பிள்ளை.

உள்ளேயிருந்து அமுதினியின் குரல் கேட்டது. "எல்லாத்தையும் ஒத்திகை பாத்துட்டு வந்த மாதிரி பேசுறாரும்மா. ஒரு சிரிப்புகூட வரல. வேணாம்."

கல் வெளுத்துப்போயிருந்தது. அவள் ஒரு தடவை வாய்விட்டுச் சிரித்தது, இந்த உலகத்தில் அந்த மேதாவி ஒருவனுக்குத்தான் தெரியும்.